பூனை கத்துற வாரம் பாத்து வீடு மாத்தினா

போன எபிசோட்ல வாடகை அக்ரிமென்ட், அட்வான்ஸ், பெயின்டிங் சார்ஜ்னு புலம்பினோம். இந்த வாரமும் வீடு மாத்துற கதைதான். ஆனா கூட ஒரு பூனை இருக்கு. ராத்திரி ரெண்டு மணிக்கு தெருவையே எழுப்புற பூனை.

"பூனை குட்டி போட்டா ஏழு வீடு மாத்தும்"னு நம்ம பாட்டிங்க சொல்வாங்க. நாம வீடு மாத்தும்போது அந்தப் பூனைக்கு என்ன ஆகுதுன்னு யாரும் பழமொழி சொல்லி வைக்கல. அதிலும் கருத்தடை பண்ணாத பெண் பூனை, சரியா அந்த வாரத்துல ஹீட்டுக்கு வந்துட்டா? எனக்கு அதுதான் நடந்துச்சு. ஆம்பூர்லேர்ந்து காட்பாடிக்கு, காந்தி நகர் பக்கம் மாறினோம். வைகாசியில நல்ல நாள் பாத்தாச்சு, குட்டியானைக்கு முன்பணம் கொடுத்தாச்சு. பூனைக்கு அஞ்சு மாசம் முடிஞ்சிருந்துச்சு, புது வீட்டுக்குப் போய் ரெண்டு வாரம் கழிச்சு ஆபரேஷன்னு டாக்டர்கிட்ட நாளும் வாங்கியிருந்தோம். அவ யார்கிட்டயும் நாள் வாங்கல. கிளம்புறதுக்கு மூணு நாள் முன்னாடி ஆரம்பிச்சுட்டா.

அவ பேரு தால்ச்சா. வெள்ளை, கறுப்பு, மஞ்சள்னு மூணு கலரும் கலந்து கிடக்கும். ஆம்பூர்க்காரங்களுக்கு இந்தப் பேருக்கு விளக்கம் தேவையில்ல.

முதல்ல இந்த ஹீட்ங்கிற வார்த்தை. மாட்டுக்கு நம்ம ஊர்ல கூச்சமே இல்லாம "காளைக்கு வந்திருக்கு"ன்னு சொல்லிடுவாங்க. கால்நடை டாக்டர்ங்க "சினைப்பருவம்"னு எழுதுவாங்க. பூனைக்கு மட்டும் வீட்டுல யாரும் பேர் வைக்கல, "கத்துது"ன்னு சொல்லிட்டு பேச்சை மாத்திடுவாங்க. அதனாலேயே முதல் தடவை பாக்கிறவங்க பயந்துடுறாங்க. எங்க அம்மாவும், "டேய், வயித்து வலிபோல இருக்குடா, ஓம வாட்டர் கொடுக்கலாமா?"ன்னுதான் கேட்டாங்க.

வயித்து வலி இல்ல. தொண்டையிலேர்ந்து நீளமா ஒரு கூப்பாடு, கிட்டத்தட்ட குழந்தை அழற மாதிரி. தரையில புரளுறது. நாற்காலி கால், நம்ம கால்னு எல்லாத்துலயும் கன்னத்தைத் தேய்க்கிறது. முதுகுல கை வெச்சா முன்பக்கம் தாழ்ந்து, பின்பக்கம் தூக்கி, வாலை ஒரு பக்கமா ஒதுக்கி, பின்னங்காலை மாத்தி மாத்தி மிதிக்கிறது. சாப்பாடு கொஞ்சம் குறையும். சில பூனைங்க சுவத்துல பீச்சி அடிக்கும். நாய்க்கு வர்ற மாதிரி ரத்தம் வராது. ரத்தமோ சீழோ வந்தா அது வேற பிரச்சினை, உடனே டாக்டர். அடிக்கடி மண் டப்பாவுல போய் உட்கார்ந்து முக்கியும் சிறுநீர் வரலைன்னாலும் அப்படித்தான், காத்திருக்காதீங்க.

இது எத்தனை நாள் இருக்கும்னுதான் எல்லாரும் கேப்பாங்க. சராசரியா ஒரு வாரம். சில பூனைக்கு நாலஞ்சு நாள்ல அடங்கும், சிலதுக்கு பத்து நாள் வரைக்கும் இழுக்கும். இணை சேரலைன்னா அதோட முடிஞ்சுதுன்னு நினைக்காதீங்க, ரெண்டு மூணு வாரத்துல மறுபடி வரும். ஏன்னா பூனைக்கு கருமுட்டை தானா வெளிய வராது. இணை சேர்ந்தாதான், அந்தத் தூண்டுதல்லதான் வரும். அது நடக்கிற வரைக்கும் உடம்பு "இன்னொரு தடவை முயற்சி பண்ணு"ன்னு சொல்லிக்கிட்டே இருக்கும். நம்ம பாஷையில சொன்னா, ரெஸ்பான்ஸ் வராத சர்வரை விடாம ரீட்ரை பண்ற கோடு மாதிரி.

யூடியூப்ல வெளிநாட்டு வீடியோ பாத்துட்டு "குளிர்காலத்துல வராதாம்"னு நம்பிக்கையா இருக்காதீங்க. பூனைக்கு இந்தச் சக்கரத்தைச் சுத்த வைக்கிறது வெளிச்சம். பகல் நீளமாகும்போது ஆரம்பிக்கும், ரொம்பக் குறையும்போது நிக்கும். லண்டன்ல டிசம்பர்ல எட்டு மணி நேரம்கூட வெளிச்சம் இருக்காது, அங்க நிக்கலாம். வேலூர் இருக்கிறது கிட்டத்தட்ட 13 டிகிரி வடக்குல. நம்ம மார்கழியில கூட பகல் பதினோரு மணி நேரத்துக்கு மேல. அதுக்கும் மேல நம்மள மாதிரி ஆளுங்க அமெரிக்கா கிளையன்ட்டுக்காக ராத்திரி ஒரு மணி வரைக்கும் டியூப்லைட் போட்டு உட்கார்ந்திருக்கோம். அவளுக்கு அதுவும் பகல்தான். அதனால நம்ம ஊர்ல "சீசன் முடியட்டும், அப்புறம் வீடு மாத்தலாம்"ங்கிற கணக்கே கிடையாது.

இப்போ நான் உண்மையில பேச வந்த விஷயத்துக்கு வர்றேன். அவ கத்த ஆரம்பிச்ச ரெண்டாவது நாள், எங்க வீட்டுக்கு வந்து போன பாதி பேர் ஒரே யோசனையைத்தான் சொன்னாங்க: "இங்கயே விட்டுட்டுப் போங்க." மீன் மார்க்கெட்ல விடு, அங்க சாப்பாடு கிடைக்கும். பிரியாணிக் கடை பின்னாடி விடு, கொழுத்துடும். சாக்குல கட்டி பாலாத்துக்கு அந்தப் பக்கம் விட்டுட்டா திரும்பி வராது. (பாலாத்துல தண்ணி எங்க இருக்கு, அது பாட்டுக்கு நடந்து வந்துடும்ங்கிறது வேற.) யாரும் கெட்டவங்க இல்ல. வீடு மாத்துற டென்ஷன், தூக்கமில்லாத ராத்திரி, புது ஹவுஸ் ஓனர் என்ன சொல்வாரோங்கிற பயம், மூணும் சேரும்போது ஒரு வாரச் சத்தம் வாழ்நாள் பிரச்சினை மாதிரி தெரியும். இந்த பெல்ட்ல, ராணிப்பேட்டைலேர்ந்து வாணியம்பாடி வரைக்கும், காலி பண்ணின வீட்டு வாசல்ல உட்கார்ந்திருக்கிற பூனைங்களை நான் நிறைய பாத்திருக்கேன். அதுங்க பல பேர் நினைக்கிற மாதிரி "வீட்டை விட மனசில்லாத" பூனைங்க இல்ல. விட்டுட்டுப் போன பூனைங்க.

வீட்டுல வளர்ந்த அஞ்சு மாசப் பூனைக்கு குப்பையில சாப்பாடு தேடத் தெரியாது. ஹீட்ல இருக்கும்போது விட்டா, தெருவுல இருக்கிற கடுவனுங்க எல்லாம் வரும், சண்டையும் கடியும் நடக்கும். கடி மூலமா பூனைங்களுக்குள்ள எஃப்.ஐ.வி. மாதிரி வைரஸ் பரவும். அறுபத்தி மூணு, அறுபத்தஞ்சு நாள்ல குட்டி. அவளே இன்னும் குட்டி. சட்டமும் இருக்கு: 1960ஆம் வருஷ மிருகவதைத் தடுப்புச் சட்டத்தோட 11ஆவது பிரிவுல, பசி தாகத்துல தவிக்கிற நிலைமையில ஒரு மிருகத்தைக் கைவிடுறது குற்றம்னு எழுதியிருக்கு.

எங்க பழைய வீட்டுக் கீழ்ப் போர்ஷன்ல ஒரு நானிமா இருந்தாங்க. அவங்கதான் இந்தப் பேச்சைக் கேட்டுட்டு மேல ஏறி வந்தாங்க. "பில்லியை அப்படி எல்லாம் விடக் கூடாது பேட்டா. நபியோட தோழர் ஒருத்தருக்குப் பேரே அபூ ஹுரைரா. பூனைக்குட்டியோட அப்பான்னு அர்த்தம்." அதுக்கப்புறம் எங்க அம்மா அந்தப் பேச்சை எடுக்கவே இல்ல. அதே நானிமா, "ஆனா ஒரு ஈத்தாவது குட்டி போடட்டும், அப்புறம் ஆபரேஷன் பண்ணு"ன்னும் சொன்னாங்க. அதுல மட்டும் நான் அவங்க கட்சி இல்ல. ஒரு தடவை குட்டி போடுறதுல பூனைக்கு உடம்புக்கு எந்த லாபமும் இல்ல. 2005ல வந்த ஒரு அமெரிக்க ஆய்வுல, ஆறு மாசத்துக்குள்ள கருத்தடை பண்ணின பூனைங்களுக்கு மார்பகப் புற்றுநோய் ஆபத்து 91 சதவீதம் குறைஞ்சிருந்துச்சு. ஒரு வருஷத்துக்குள்ள பண்ணினாலும் 86 சதவீதம். இதை நானிமாகிட்ட சொன்னேன். "படிச்ச பிள்ளைங்க, நீங்க சொன்னா சரி"ன்னாங்க, முகத்துல ஒத்துக்கிட்ட மாதிரி ஒண்ணும் தெரியல.

சரி, கூட்டிட்டுப் போறதுன்னு முடிவாயிடுச்சு. எப்படி?

ஹீட்ல இருக்கிற பூனைக்கு மூளை முழுக்க ஒரே வேலை, கதவு. வீடு மாத்துற நாள்ல நம்ம வீட்டுல நாள் பூரா திறந்திருக்கிறது எது? அதே கதவு. இந்த ரெண்டும் சந்திக்கிற இடத்துலதான் பூனை தொலையுது. சத்தம் நம்ம பிரச்சினை, கதவு அவ பிரச்சினை. வாணியம்பாடியில என் ஃப்ரெண்ட் ஒருத்தன் வீட்டுல, பீரோ இறக்கும்போது பூனை வெளிய போயிடுச்சு. புது ஏரியா, வாசனை தெரியாது, திரும்பி வர வழி தெரியாது. பதினெட்டு நாள் கழிச்சு மூணு தெரு தள்ளி ஒரு மாடிப்படிக்கு அடியில கிடைச்சா. காது கிழிஞ்சு, சினையா. நாலு குட்டி போட்டா, ரெண்டுதான் தங்குச்சு. அதனால கீழே சொல்றது எல்லாமே கதவைப் பத்தினதுதான்.

பேக்கிங் ஆரம்பிக்கிற அன்னிக்கே ஒரு ரூமைக் காலி பண்ணி அவளை உள்ள விட்டு வெளியில ஒரு பேப்பர் ஒட்டுங்க: "பூனை உள்ளே. திறக்காதீங்க." எங்களுக்கு பாத்ரூம் ஒட்டின சின்ன ரூம். ஜன்னல் கிரில்லை மட்டும் நம்பாதீங்க, நம்ம ஊர் கிரில் இடைவெளியில அஞ்சு மாசப் பூனை தண்ணி மாதிரி போயிடும். கொசு வலையை உள்பக்கம் அடிச்சோம். கடுவன் மதில் மேல வந்து உட்கார்ந்தா அவ அந்த வலையைக் கிழிக்கப் பாப்பா, அதனால ஜன்னல் கதவையும் சாத்தி, ஃபேன் போட்டு, திரையை இழுத்து விட்டோம்.

ஆம்பூர்ல வீடு காலி பண்றவங்களுக்கு ஒரு வசதி, அட்டைப் பெட்டிக்குப் பஞ்சமே இல்ல. யாராவது ஒருத்தர் ஷூ கம்பெனியில இருப்பாங்க, எக்ஸ்போர்ட் கார்ட்டன் கொண்டு வந்து குமிச்சிடுவாங்க. எங்க அப்பா கட்டிங் செக்‌ஷன், அதனால எங்க வீட்டுல மலை மாதிரி கிடந்துச்சு. பூனைக்கு அட்டைப் பெட்டின்னா சொர்க்கம். டேப் ஒட்டுறதுக்கு முன்னாடி ஒவ்வொரு பெட்டியிலயும் கையை விட்டுப் பாருங்க. விளையாட்டுக்குச் சொல்லல. 2020 தொடக்கத்துல சீனாவுலேர்ந்து பொம்மை ஏத்தி வந்த ஒரு கன்டெய்னரைச் சென்னைத் துறைமுகத்துல திறந்தப்போ உள்ள ஒரு பூனை இருந்துச்சு, உயிரோட. கொரோனா நேரம் வேற, அதைத் திருப்பி அனுப்பணும்னு அதிகாரிங்க சொல்ல, கூடாதுன்னு பீட்டா சொல்ல, பெரிய நியூஸ் ஆச்சு. உங்க பெட்டி குட்டியானையில வெயில்ல நாலு மணி நேரம் நின்னா அவ்வளவு அதிர்ஷ்டம் இருக்காது.

அந்தக் கார்ட்டன்ல இன்னும் ரெண்டு விஷயம் பாருங்க. சிலிக்கா ஜெல் பொட்டலம், எடுத்துத் தூக்கிப் போடுங்க. அப்புறம் ஷூ லேஸ், தையல் நூல். இந்த ஊர்ல லேஸ் இல்லாத வீடு கிடையாது. பூனை நூலை விழுங்கினா அது குடல்ல மாட்டி, குடலையே சுருக்கிப் பிடிச்சிடும், ஆபரேஷன் வரைக்கும் போகும். அதே மாதிரி பட்டுப் புடவைப் பெட்டியில போடுற பாச்சை உருண்டை, அது பூனைக்கு விஷம்.

லெதர் ஊர்க்காரன்ங்கிறதால ஒரு லாபம் சொல்றேன். அப்பா கொடுத்த ஒரு பழைய தோல் துண்டை மரக்கட்டையில சுத்தி அவ நகம் கீறுற கம்பம் பண்ணியிருந்தோம். அழுக்காத்தான் இருந்துச்சு, அம்மா தூக்கிப் போடச் சொன்னாங்க. நான் போடல. பூனை கீறும்போது பாதத்துல இருக்கிற சுரப்பி அதோட வாசனையை அதுல விடும். புது வீட்டுல அவளுக்குத் தெரிஞ்ச முதல் பொருள் அதுதான். அவ படுக்கிற துணியையும் துவைக்காதீங்க. பழைய மண் டப்பாவுலேர்ந்து ஒரு கைப்பிடி மண்ணைக் கொண்டு போய் புது மண்ணுல கலந்துடுங்க. வீடு மாத்துறப்போ எல்லாத்தையும் புதுசா வாங்கணும்னு தோணும். பூனைக்கு மட்டும் எல்லாம் பழசா இருக்கட்டும்.

பயணத்துக்கு வர்றேன். ஆம்பூர்லேர்ந்து வேலூர் ஐம்பது கிலோமீட்டர்தான், ஹைவேல ஒரு மணி நேரம். நிறைய பேர் இதுக்கு என்னத்துக்கு கேரியர்னு கட்டைப்பையில போட்டு பைக்ல மாட்டிட்டுப் போறாங்க. மீண்டும் மஞ்சப்பை திட்டம் பூனைக்கு இல்லீங்க. கெட்டியான பிளாஸ்டிக் கேரியர், கதவுல பூட்டு மாதிரி கிளிப், அதுக்கு மேல ஒரு கயிறு. ஹீட்ல இருக்கிற பூனை கதவை முட்டுற வேகம் சாதாரண நாளோட வேகம் இல்ல. கேரியரை ரெண்டு மூணு நாள் முன்னாடியே ரூம்ல திறந்து வெச்சு, சாப்பாட்டை உள்ள வைங்க. மேல மெல்லிசா ஒரு பருத்தித் துணி போடுங்க. காத்து போகணும், வெளி உலகம் தெரியக் கூடாது.

அவளை சாமான் வண்டியில ஏத்தவே கூடாது. ஏசி கார், நம்மளோட. கத்திரி வெயில்ல வேலூர்ப் பக்கம் 40 டிகிரி சாதாரணம். நிறுத்தின கார்ல பத்து நிமிஷத்துலயே உள்ள சூடு ஏறிடும், டீ குடிக்க இறங்கினா ஒருத்தர் உள்ளயே இருங்க. பூனை வாயைத் திறந்து நாய் மாதிரி இளைச்சா அது ஆபத்துக்கு அறிகுறி. ஈரத்துணியால உடம்பைத் துடைச்சு, ஏசியைக் கூட்டி, பக்கத்துல இருக்கிற கால்நடை டாக்டருக்குப் போங்க. கிளம்புறதுக்கு மூணு நாலு மணி நேரம் முன்னாடி சாப்பாட்டை நிறுத்தினா வாந்தி குறையும். தண்ணியை நிறுத்த வேண்டாம்.

தால்ச்சா மாதனூர் வரைக்கும் விடாம கத்தினா. பள்ளிகொண்டா டோல்ல கண்ணாடி இறக்கினப்போ உள்ள இருந்தவர் எட்டிப் பாத்து, "குழந்தைக்கு என்ன சார் ஆச்சு?"ன்னு கேட்டார். அப்பா சிரிக்காம, "பொண்ணு பெரியவளாயிட்டா"ன்னுட்டார். எல்லாரும் அமைதியானதுல பூனையும் கொஞ்ச நேரம் அமைதியாச்சு. (சிரிப்பு) பாதியில பாவமேன்னு கேரியரைத் திறந்து மடியில எடுக்கத் தோணும். வேண்டாம். டோல்ல கண்ணாடி இறங்குற அந்த மூணு செகண்ட் அவளுக்குப் போதும்.

தூக்க மாத்திரை கேட்டு மெசேஜ் பண்றவங்களுக்கு: மனுஷ மாத்திரை எதுவும் கிடையாது. பாரசிட்டமால் ஒரு மாத்திரை பூனையைக் கொன்னுடும், அதை வலிக்கும்னு கூட கொடுக்காதீங்க. பயணப் பதற்றத்துக்கு கேபாபென்டின் மாதிரி மருந்து இருக்கு, அதை டாக்டர் எடையைப் பாத்து எழுதிக் கொடுத்தா மட்டும். ரயில்ல போறவங்க டிக்கெட் எடுக்கிறதுக்கு முன்னாடியே ஸ்டேஷன்ல கேட்டுக்கோங்க, எல்லாப் பெட்டியிலயும் பூனையை ஏத்த விட மாட்டாங்க.

புது வீட்டுல முதல் பிரச்சினை நம்ம பாசம்தான். வீடு சுத்தமா இருக்கணும்னு முதல் நாளே ஃபினாயிலும் டெட்டாலும் ஊத்திக் கழுவிடுவோம். ரெண்டுமே பூனைக்கு ஆகாது. அவ அந்தத் தரையில நடந்து, பாதத்தை நக்கி, அது உள்ள போயிடும். அவ இருக்கப் போற ரூமை மட்டுமாவது சோப்புத் தண்ணி விட்டுக் கழுவி, நல்லாக் காய வைங்க. ரெண்டாவது பால் காய்ச்சுறது. விடியக்காலை அஞ்சு மணி, வாசக்கதவு விரியத் திறந்திருக்கும், சொந்தக்காரங்க உள்ளயும் வெளியயும். நாங்க பால் பொங்கி முடிஞ்சு, எல்லாரும் டிபன் சாப்பிட்டுக் கிளம்பி, சாமானும் இறங்கினதுக்கு அப்புறம் மத்தியானம்தான் அவளைக் கொண்டு போனோம். அதுவரைக்கும் ஆம்பூர்ல நானிமா ரூம்ல பூட்டி இருந்தா. முடிஞ்சா நீங்களும் அவளைக் கடைசி சாமானா எடுத்துட்டுப் போங்க.

அப்புறம் ஒரே ரூம், குறைஞ்சது ஒரு வாரம். பழைய துணி, கீறுற கட்டை, மண் டப்பா, தண்ணி. ஹீட் முடியுற வரைக்கும் முழு வீட்டைக் காட்ட அவசரமே இல்ல. காந்தி நகர் மாதிரி ஏரியாவுல மாடிங்க ஒண்ணோட ஒண்ணு ஒட்டி இருக்கும், மொட்டை மாடிக் கதவுதான் பெரிய ஓட்டை. எங்க வீட்டுல மூணாவது நாள் ராத்திரியே ஒரு பெரிய தலைக் கடுவன் வந்துட்டான். எங்கிருந்து, எப்படித் தெரிஞ்சுது, ஆண்டவனுக்குத்தான் வெளிச்சம். அவனைக் கல்லெடுத்து அடிக்காதீங்க, தண்ணி தெளிச்சா போதும். பிடிக்கப் போய் அவன் பிராண்டினாலோ கடிச்சாலோ, சோப்புப் போட்டு பதினஞ்சு நிமிஷம் ஓடுற தண்ணியில கழுவி, அன்னிக்கே வெறிநாய்க்கடி ஊசி போடப் போங்க. அது நாய்க்கு மட்டும் உள்ள ஊசின்னு நினைக்கிறவங்க இன்னும் இருக்காங்க.

ஹவுஸ் ஓனர்கிட்ட நான் முதல் நாளே போய்ச் சொல்லிட்டேன். "சார், ஒரு வாரம் ராத்திரி பூனை சத்தம் வரும்." அவர் முகம் மாறிடுச்சு. "பூனை அழுதா வீட்டுக்கு ஆகாதே தம்பி." "அழல சார், கூப்பிடுது. அடுத்த மாசம் ஆபரேஷன், அப்புறம் கத்தாது." தேதி சொன்னதும்தான் கொஞ்சம் இறங்கி வந்தார். சத்தம் எப்போ முடியும்னு தெரிஞ்சா பொறுத்துக்கிறாங்க, தெரியாதப்போதான் சண்டை. பக்கத்து வீட்டுக்கும் ஒரு டப்பா ஸ்வீட்டோட இதையே சொன்னேன்.

அந்த ராத்திரிகளை ஓட்டுறதுக்கு என்கிட்ட மந்திரம் ஒண்ணும் இல்ல. தூங்குறதுக்கு முன்னாடி இருபது நிமிஷம் குச்சியில துணி கட்டி நல்லா ஓட விட்டேன், அப்புறம் சாப்பாடு. தடவும்போது தலை, கன்னம் மட்டும். முதுகு கீழ்ப்பக்கம் தடவினா அவளுக்கு இன்னும் ஏறும். இன்டர்நெட்ல பஞ்சுக் குச்சி வெச்சு ஒரு வைத்தியம் சுத்திக்கிட்டு இருக்கு, தெரிஞ்சவங்களுக்குத் தெரியும். அதைத் தொடாதீங்க. காயம், தொற்று, பொய்ச் சினைன்னு வேண்டாத வேலை. கர்ப்பத்தடை மாத்திரையும் அதே மாதிரிதான். மெடிக்கல்ல கேட்டா "இதைக் கொடுங்க, கத்தாது"ன்னு ஹார்மோன் மாத்திரை எடுத்துக் கொடுக்கிறவங்க இருக்காங்க. கத்தாதுதான். ஆனா கருப்பையில சீழ், மார்பு வீக்கம், சர்க்கரை நோய்னு பின்னாடி வரிசையா வரும். ஹீட் முடிஞ்சு சில வாரம் கழிச்சு பூனை சோர்ந்து படுத்து, தண்ணியா குடிச்சு, சாப்பிடாம இருந்தா, ஆபரேஷன் தேதிக்குக் காத்திருக்காம அன்னிக்கே டாக்டர்கிட்ட காட்டுங்க.

டாக்டர் விஷயம். 1900ல ஐடா ஸ்கடர் ஒரே ஒரு கட்டிலோட ஆரம்பிச்ச ஆஸ்பத்திரிக்கு இன்னிக்கு இந்தியா முழுக்க இருந்து ஆளுங்க ரயில் ஏறி வர்ற ஊர் இது. ஆனா பூனைக்கு கருத்தடை பண்ற டாக்டரைத் தேடினா நாலஞ்சு போன் பண்ண வேண்டியிருக்கு. நம்ம பக்கத்து கால்நடை மருந்தகங்களுக்கு மாடு, ஆடுதான் முதல் வேலை, அதுல தப்பும் இல்ல. அதனால நேர்ல போறதுக்கு முன்னாடி போன்ல மூணு கேள்வி கேளுங்க: பெண் பூனைக்கு கருத்தடை அடிக்கடி பண்றீங்களா, எந்த மயக்க மருந்து, அன்னிக்கே வீட்டுக்கு அனுப்புவீங்களா. பதில் தடுமாறினா அடுத்த டாக்டர். சென்னைக்குப் போக முடிஞ்சவங்களுக்கு வேப்பேரியில மெட்ராஸ் கால்நடை மருத்துவக் கல்லூரி இருக்கு, 1903லேர்ந்து இருக்கிற இடம்.

கடைசியா, ராணிப்பேட்டையிலேர்ந்து ஒரு தங்கச்சி அனுப்பின கேள்வி. இன்னும் மூணு வாரத்துல சோழிங்கநல்லூருக்கு மாறுறாங்க, பூனைக்கு இன்னிக்கு ஹீட்ல மூணாவது நாள், ஆபரேஷன் முன்னாடியா பின்னாடியா? கணக்குப் போட்டுப் பாக்கலாம். ஹீட் அடங்க இன்னும் நாலஞ்சு நாள் ஆகும். ஹீட்ல இருக்கும்போதே ஆபரேஷன் பண்ண முடியும், ஆனா அப்போ அங்க ரத்த ஓட்டம் அதிகமா இருக்கும்ங்கிறதால நிறைய டாக்டர்ங்க அடங்கின அப்புறம் ஒரு வாரம் போகட்டும்பாங்க. அப்போ பன்னெண்டாவது நாள் வந்துடும். தையல் ஆறுறதுக்குப் பத்துலேர்ந்து பதினாலு நாள், அந்த நாள்ல குதிக்கக் கூடாது, கழுத்துல காலர் இருக்கணும். இருபத்தோராவது நாள் நீங்க லாரி ஏத்தணும். தையலோட நூறு கிலோமீட்டர் பயணம், அதுக்கப்புறம் புது வீடு, ரெண்டும் ஒரே வாரத்துல வேண்டாம். உங்க டாக்டர் இப்போவே, இந்த வாரமே பண்றேன்னு சொன்னா அது நல்ல வழி, தையல் ஆறிட்டுக் கிளம்பலாம். இல்லைன்னா பேசாம ஷிஃப்ட் முடிங்க, ஒரே ரூம்ல வைங்க, சென்னை போன பத்து பன்னெண்டு நாள்ல தேதி இப்போவே புக் பண்ணிடுங்க. அடுத்த ஹீட் ஷிஃப்ட் பண்ற வாரத்துலயே வரலாம், அதனால கேரியர் கிளிப்பையும் கொசு வலையையும் இந்த ஞாயித்துக்கிழமையே பாத்து வெச்சிடுங்க. ரேபிஸ் ஊசி, ட்ரைகேட் ஊசி போட்ட சீட்டு இருந்தா அதைச் சாமானோட மூட்டை கட்டாம ஹேண்ட்பேக்ல வைங்க, புது டாக்டர் முதல்ல அதைத்தான் கேப்பார்.